வெறும் உப்புத் தண்ணீர்தானே?

“சிஸ்டர், பல்ஸ் 130 ஓடுது. ஒரு ஐந்நூறு என்.எஸ். ஃப்ரீயா விடுங்க.”

எந்த ஊர் அவசர சிகிச்சைப் பிரிவில் ஓர் இரவு உட்கார்ந்திருந்தாலும் இந்தக் குரல் காதில் விழும். சொன்னவர் அடுத்த கட்டிலுக்குப் போய்விடுவார். சிஸ்டர் குழாயில் இருக்கும் சக்கரத்தை முழுக்கத் திறந்துவிடுவார்; சொட்டாக விழுந்தது தாரையாக ஓடும். இருபது நிமிடத்தில் பாட்டில் காலி. திரும்பி வருபவர் மானிட்டரில் 118 என்று கண்டால் “பரவாயில்ல, இறங்குது” என்பார். 134 என்று கண்டால் “பத்தல, இன்னொன்னு போடுங்க” என்பார். நாடி இறங்கினால் பெருமை பாட்டிலுக்கு. ஏறினால் பாட்டில் போதவில்லை. எது நடந்தாலும் பாட்டில் மட்டும் தோற்பதே இல்லை.

தோற்கவே முடியாத மருந்தைக் கண்டால் சந்தேகப்பட வேண்டும். நாம் சந்தேகப்படவில்லை. நாடி வேகமாக இருந்தால் ரத்தக்குழாய் காய்ந்து கிடக்கிறது என்று பொருள், திரவத்தை வேகமாக ஏற்றினால் இதயம் நன்றாகத் தள்ளும், கொஞ்சம் கூடிப்போனாலும் சிறுநீரகம் வெளியே அனுப்பிவிடும், வெறும் உப்புத் தண்ணீர்தானே என்று நம்பிக்கொண்டிருக்கிறோம். மருத்துவக் கல்லூரி மாணவரிலிருந்து, “ஒரு பாட்டில் ஏத்திவிடுங்க டாக்டர், தெம்பா இருக்கும்” என்று கேட்கும் பெரியவர் வரை எல்லோருக்கும் இது பொதுச் சொத்து. ஒவ்வொன்றிலும் பாதி உண்மை இருக்கிறது. ஆபத்து மீதிப் பாதியில் இருக்கிறது.

முதலில் நாடி. ரத்தம் போனாலும், வாந்தி பேதியில் நீர் வற்றினாலும் நாடி ஓடும் என்பதில் சண்டை இல்லை. ஒரு துடிப்புக்கு இதயம் தள்ளும் ரத்தம் குறைகிறது. கழுத்துத் தமனியிலும் பெருந்தமனி வளைவிலும் இருக்கும் அழுத்த உணரிகள் அதை மூளைத்தண்டுக்குச் சொல்கின்றன. மூளைத்தண்டு துடிப்பைக் கூட்டி ஈடுகட்டுகிறது. துடிப்புக்கு 70 மில்லி, நிமிடத்துக்கு 70 துடிப்பு என்றால் ஏறக்குறைய ஐந்து லிட்டர். துடிப்புக்கு 50 மில்லி ஆகிவிட்டால் அதே ஐந்து லிட்டருக்கு 100 துடிப்பு வேண்டும். இப்படிப்பட்டவருக்குத் திரவம் ஏற்றினால் நாடி இறங்கும். இறங்கத்தான் வேண்டும்.

ஆனால் நீர் வற்றியவருக்கு நாடி ஓடும் என்பதால், நாடி ஓடுகிறவர்கள் எல்லோரும் நீர் வற்றியவர்கள் ஆகிவிட மாட்டார்கள். காய்ச்சலுக்கு ஓடும். வலிக்கு ஓடும். பயத்துக்கு ஓடும். ரத்தசோகைக்கு ஓடும், தைராய்டுக்கு ஓடும். மூச்சுத்திணறலோடு வந்தவருக்கு நாம் வைத்த சால்பியூட்டமால் நெபுலைசருக்கே ஓடும். இதயம் பலவீனமாகித் துடிப்புக்கு 40 மில்லிகூடத் தள்ள முடியாதவருக்கும் ஓடும். அவருடைய ரத்தக்குழாய்கள் காய்ந்து கிடக்கவில்லை, நிரம்பி வழிகின்றன. மறுபக்கமும் உண்டு. ரத்த அழுத்தத்துக்கு அட்டெனலால், மெட்டோப்ரலால் சாப்பிடுகிறவர் வயிற்றுக்குள் ரத்தம் கசிந்துகொண்டிருக்கும்போதும் 84-இல் நிற்பார். மானிட்டரில் தெரியும் ஓர் எண்ணை வைத்து உடம்பில் எவ்வளவு ரத்தம் இருக்கிறது என்று அளக்க முடியாது.

இன்னும் ஒரு சங்கதி இருக்கிறது. பாடத்தில் படித்துவிட்டுப் பலர் மறந்துவிடுவது. 1915-இல் பெயின்பிரிட்ஜ் என்ற ஆங்கிலேய உடலியல் அறிஞர், மயக்கம் கொடுத்த நாய்களின் சிரைக்குள் திரவத்தை வேகமாகச் செலுத்திப் பார்த்தார். இதயத் துடிப்பு கூடியது. வலப்பக்க மேலறை உப்பியதும் அங்கிருந்து கிளம்பிய நரம்புச் செய்தி துடிப்பை முடுக்கிவிட்டது. மனிதரில் இந்த அனிச்சை நாயில் உள்ள அளவுக்கு வலுவானதல்ல. ஆனாலும் பாட்டில் ஓடும்போது உடம்புக்குள் இரண்டு கட்டளைகள் ஒரே நேரத்தில் கிளம்பக்கூடும் என்பதை அது காட்டியது. அழுத்தம் கூடிவிட்டது, மெதுவாக்கு என்கிறது தமனிப் பக்கம். மேலறை நிரம்பிவிட்டது, வேகமாகத் தள்ளு என்கிறது சிரைப் பக்கம். நோயாளிக்கு 102 டிகிரி காய்ச்சலும் இருந்தால் மூன்றாவதாக ஒரு கட்டளை. இந்தக் கூச்சலில் நாடி 12 இறங்கியது பாட்டிலாலா, அரை மணி முன்பு போட்ட பாராசிட்டமாலாலா, மகள் வந்து கையைப் பிடித்துக்கொண்டதாலா என்று எப்படிப் பிரித்துச் சொல்வது? தீவிர சிகிச்சைப் பிரிவுகளில் இதயம் துடிப்புக்கு எவ்வளவு தள்ளுகிறது என்பதை நேரடியாக அளந்து பார்த்தவர்கள், நாடி மாற்றம் அதற்கு நம்பத்தகுந்த சாட்சி இல்லை என்று திரும்பத் திரும்பச் சொல்லியிருக்கிறார்கள்.

சரி, இதயமாவது திரவம் கிடைத்ததும் கூடுதலாகத் தள்ளுகிறதா? இங்கேயும் பாதி உண்மைதான். இதயத் தசை ஓரளவு நீட்டப்பட்டால் அந்த அளவுக்கு வலுவாகச் சுருங்கும். ஜெர்மனியில் ஃபிராங்கும் இங்கிலாந்தில் ஸ்டார்லிங்கும் நூறு ஆண்டுகளுக்கு முன்பே காட்டிவிட்ட விதி இது. அந்த விதியை வரைபடமாகப் போட்டால் கோடு முதலில் செங்குத்தாக ஏறும், பிறகு படுத்துவிடும். ஏறும் இடத்தில் இருக்கும் இதயத்துக்கு 500 மில்லி கொடுத்தால் துடிப்புக்குத் தள்ளும் அளவு கூடும். படுத்த இடத்தில் இருப்பதற்குக் கொடுத்தால் தள்ளும் அளவு அப்படியே நிற்கும். அழுத்தம் மட்டும் ஏறி நுரையீரலுக்கும் கல்லீரலுக்கும் சிறுநீரகத்துக்கும் பின்னோக்கித் தள்ளும். ஐ.சி.யு. நோயாளிகளை வைத்துச் செய்த ஆய்வுகளைத் தொகுத்து 2002-இல் மிஷாரும் டெபூலும் பார்த்தபோது, போலஸ், அதாவது குறுகிய நேரத்தில் மொத்தமாகத் திரவம், கொடுக்கப்பட்டவர்களில் ஏறக்குறைய பாதிப்பேருக்குத்தான் இதயம் கூடுதலாகத் தள்ளியது. மற்ற பாதிக்குப் பலனே இல்லை. காசைச் சுண்டிப் போட்டாலும் இதே கணக்குத்தான் வரும்.

பலன் இல்லை என்று தெரிந்ததும் மருத்துவர்கள் நிறுத்திவிடுகிறார்களா? 2015-இல் வெளியான ஃபெனிஸ் ஆய்வு 46 நாடுகளில் இரண்டாயிரத்துக்கும் மேற்பட்ட ஐ.சி.யு. நோயாளிகளுக்குப் போலஸ் எப்படிக் கொடுக்கப்படுகிறது என்று கவனித்தது. முதல் போலஸுக்குப் பலன் கிடைத்ததாக மருத்துவரே கருதியவர்கள், பலன் நிச்சயமில்லை என்று கருதியவர்கள், பலனில்லை என்று கருதியவர்கள் என மூன்று சாராரிலும் ஏறக்குறைய பாதிப்பேருக்கு மேலும் திரவம் போனது. முதல் பாட்டில் சொன்ன பதில் இரண்டாவது பாட்டிலைப் பற்றிய முடிவை அசைக்கவே இல்லை. நம்மூர் இரவு வார்டின் பழக்கம் பணக்கார நாடுகளிலும் இருக்கிறது என்பது ஆறுதல் என்றால் ஆறுதல்.

ஏற்றிய திரவம் எங்கே போகிறது என்பதையும் பார்த்துவிடலாம். என்.எஸ். எனப்படும் நார்மல் சலைன் ரத்தக்குழாய்க்குள் தங்குவதற்காக வந்ததல்ல. ஒரு லிட்டர் ஏற்றினால், சிறிது நேரத்தில் ஏறக்குறைய கால் லிட்டர்தான் உள்ளே மிஞ்சும். மீதி திசுக்களுக்கு இடையே போய்விடும். கிருமி நச்சால் ரத்தக்குழாயின் உள்சுவர் பழுதான நோயாளிக்குக் கசிவு இன்னும் மோசமாகலாம். பலன் கிடைத்தவர்களிடம்கூட அந்தப் பலன் பெரும்பாலும் ஒரு மணி நேரத்துக்குள் கரைந்துவிடுகிறது. திசுக்களுக்குள் போன நீர் அப்படிக் கரைவதில்லை. மறுநாள் முகம் உப்பியிருக்கும், கால் வீங்கியிருக்கும், ஆக்சிஜன் ஒரு லிட்டர் கூடுதலாகத் தேவைப்படும். “நோய் முத்திடுச்சு” என்று உறவினருக்குச் சொல்லப்படும்.

உப்புத் தண்ணீர் என்று அலட்சியமாகச் சொல்கிறோமே, அந்த உப்பின் கணக்கு இது: 500 மில்லி பாட்டில் ஒன்றில் 4.5 கிராம். ஒரு நாள் முழுவதும் 5 கிராமுக்குக் குறைவாகத்தான் உப்பு சேர்க்க வேண்டும் என்கிறது உலக சுகாதார நிறுவனம். இருபது நிமிடத்தில் ஒரு நாள் உப்பை ரத்தத்துக்குள் நேராகக் கொட்டிவிட்டுச் சிறுநீரகம் பார்த்துக்கொள்ளும் என்கிறோம். கடும் நோயில் இருக்கும் உடம்பு தண்ணீரையும் உப்பையும் பிடித்து வைத்துக்கொள்ளவே பார்க்கும். அதற்கான ஹார்மோன்கள் எல்லாம் உச்சத்தில் இருக்கும். சிரை அழுத்தம் கூடி நெரிபட்ட சிறுநீரகம் வடிகட்டுவதையே குறைத்துக்கொள்ளும். அப்போது சிறுநீர் குறைகிறது. சிறுநீர் குறைந்ததைக் கண்டதும் நாம் என்ன செய்கிறோம் என்று சொல்ல வேண்டுமா? இன்னொரு பாட்டில்.

இதெல்லாம் உடலியல் வாதம். சாவு எண்ணிக்கையைக் காட்டு என்று கேட்பவர்கள் இருப்பார்கள். நியாயமான கேள்வி. அதற்குப் பதில் ஆப்பிரிக்காவில் இருக்கிறது.

கேத்ரின் மெய்ட்லண்ட் என்ற குழந்தை மருத்துவர் தலைமையில் கென்யா, உகாண்டா, தான்சானியா ஆகிய நாடுகளின் ஆறு மருத்துவமனைகளில் 2009-க்கும் 2011-க்கும் இடையே நடந்த ஆய்வு அது. பெயர் ஃபீஸ்ட். கடும் காய்ச்சலோடு, நினைவு தப்பியோ மூச்சுத்திணறியோ வந்த குழந்தைகளை எடுத்துக்கொண்டார்கள். ரத்த ஓட்டம் குறைந்ததற்கான அடையாளம் ஒன்றாவது இருக்க வேண்டும்: விரலை அழுத்தி விட்டால் ரத்தம் திரும்ப மூன்று விநாடியோ அதற்கு மேலோ ஆவது, கால் சில்லிட்டிருப்பது, மணிக்கட்டு நாடி பலவீனமாக இருப்பது, அல்லது அதிவேக நாடி. ஒன்று முதல் ஐந்து வயதுக்குள் என்றால் 160-க்கு மேல். வாந்தி பேதியால் வற்றிய குழந்தைகளையும் கடும் ஊட்டச்சத்துக் குறைபாடு உள்ளவர்களையும் சேர்க்கவில்லை. சேர்ந்தவர்களில் பாதிக்கும் மேற்பட்டோருக்கு மலேரியா. நம் வார்டில் இதே குழந்தை வந்து படுத்தால் எந்தக் கை பாட்டிலைத் தேடாது?

ஒரு பிரிவுக்குச் சலைன் போலஸ், இன்னொரு பிரிவுக்கு ஆல்புமின் போலஸ், மூன்றாவது பிரிவுக்குப் போலஸ் இல்லை. அன்றாடத் தேவைக்கான திரவம் மட்டும். ஆண்டிபயாட்டிக், மலேரியா மருந்து, ஆக்சிஜன், தேவையானால் ரத்தம் எல்லாம் மூன்று பிரிவுக்கும் ஒன்றுதான். போலஸ் உயிரைக் காக்கும், எந்தத் திரவம் கூடுதலாகக் காக்கும் என்பதே தெரிய வேண்டும் என்று பலர் எதிர்பார்த்தார்கள். 3,600 குழந்தைகளைச் சேர்க்கத் திட்டம். 3,141 பேர் சேர்ந்திருந்தபோது, தரவுகளைத் தனியாகக் கண்காணித்த குழு ஆய்வை நிறுத்தச் சொல்லிவிட்டது. 48 மணி நேரத்துக்குள் இறந்தவர்கள் ஆல்புமின் பிரிவில் 10.6 சதவீதம், சலைன் பிரிவில் 10.5, போலஸ் இல்லாத பிரிவில் 7.3. அதாவது போலஸ் பெற்ற ஒவ்வொரு 100 குழந்தைகளிலும் மூன்று பேர் கூடுதலாக இறந்தார்கள். நான்கு வாரம் கழித்தும் அந்த இடைவெளி மூடவில்லை.

இதைவிட என்னை உலுக்கியது பிறகு வந்த அலசல். முதல் ஒரு மணி நேரத்தில் அதிர்ச்சி (ஷாக்) அடையாளங்கள் தெளிந்தது யாரிடம் அதிகம்? போலஸ் பெற்ற குழந்தைகளிடம்தான்: 43 சதவீதம், பெறாதவர்களிடம் 32. கை சூடாயிற்று, நாடி தெளிந்தது, மருத்துவர் நிம்மதியாக அடுத்த கட்டிலுக்குப் போயிருப்பார். பிறகு சாவில் முந்தியதும் அதே பிரிவுதான். அதிர்ச்சி தெளிந்தவர்கள், தெளியாதவர்கள் என்று இரு சாராரையும் தனித்தனியே பிரித்துப் பார்த்தபோதும் போலஸ் தரப்பிலேயே இறப்பு கூடியிருந்தது. கூடுதல் சாவுகளுக்குப் பெரிய காரணம் நுரையீரலில் நீர் கோத்ததுமல்ல. மணிக்கணக்கில் கழித்து இதயமும் ரத்த ஓட்டமும் சரிந்தது. “பாட்டில் போட்டதும் பல்ஸ் இறங்கிச்சு, அதனால நல்லதுதான் செஞ்சோம்” என்று இனி ஒருவர் சொன்னால், அந்த வாக்கியத்தின் இரண்டாம் பாதி முதல் பாதியிலிருந்து பிறப்பதில்லை என்பதற்கு இந்த 3,141 குழந்தைகளின் ஆய்வு சாட்சி.

வழக்கமாக வரும் எதிர்வாதம் ஒன்று. ஆப்பிரிக்கக் கிராமப்புற மருத்துவமனையில் வென்டிலேட்டர் இல்லை, ஐ.சி.யு. இல்லை, குழந்தைகளுக்கு மலேரியாவும் ரத்தசோகையும். அந்த முடிவை இங்கே ஒட்டக்கூடாது என்பார்கள். ஒட்டக்கூடாது என்பவர்களில் பலர் வேலை பார்க்கும் இடத்தில் எத்தனை வென்டிலேட்டர் காலியாக இருக்கிறது என்று கேட்கத் தோன்றும். அதை விடுங்கள். பெரியவர்களைப் பற்றிய ஆய்வு ஜாம்பியாவின் லுசாகாவில் நடந்து 2017-இல் வெளியானது. கிருமித் தொற்றால் ரத்த அழுத்தம் விழுந்தவர்கள், பெரும்பாலோருக்கு எச்.ஐ.வி. இருந்தது. திட்டமிட்டு வேகமாகத் திரவம் ஏற்றி, தேவையானவர்களுக்கு டோபமினும் ரத்தமும் கொடுத்த பிரிவில் மருத்துவமனையிலேயே இறந்தவர்கள் 48 சதவீதம். மருத்துவர்கள் வழக்கம்போலக் கவனித்த பிரிவில் 33.

எல்லா வசதியும் உள்ள நாடுகள்? 2022-இல் வந்த கிளாசிக் ஆய்வு ஐரோப்பிய ஐ.சி.யு.க்களில் 1,554 பேரிடம் நடந்தது: திரவத்தைக் கட்டுப்படுத்திய பிரிவில் 90 நாளில் இறந்தவர்கள் 42.3 சதவீதம், வழக்கமான பிரிவில் 42.1. அமெரிக்காவில் 1,563 பேரிடம் நடந்த குளோவர்ஸ் ஆய்விலும் வித்தியாசம் இல்லை: 14.0, 14.9. இவர்கள் ஆய்வுக்குள் வரும் முன்பே ஓரளவு திரவம் பெற்றவர்கள் என்பதையும் சொல்லியாக வேண்டும். ஆக, வசதியுள்ள இடத்தில் கூடுதல் திரவம் கொல்லவில்லை, காக்கவும் இல்லை. வென்டிலேட்டரும் டயாலிசிஸும் இருக்கும் இடத்தில் நம் தவறுகளைச் சுமக்க ஆள் இருக்கிறது, அவ்வளவே. கிருமித்தொற்று அதிர்ச்சிக்கு முதல் மூன்று மணி நேரத்தில் கிலோவுக்கு 30 மில்லி கொடுங்கள் என்று பன்னாட்டு வழிகாட்டி 2016-இல் அழுத்தமாகப் பரிந்துரைத்தது. அதையே 2021-இல் “கொடுக்கலாம்” என்ற அளவுக்குத் தளர்த்தி, ஆதாரம் பலவீனம் என்று ஒப்புக்கொண்டது. 50 கிலோ ஆளுக்கு அது மூன்று பாட்டில். நம் வார்டுகளில் 2016-தான் இன்னும் ஓடிக்கொண்டிருக்கிறது.

திரவமே வேண்டாம் என்று நான் சொல்வதாக யாரும் திரிக்க வேண்டாம். 1832-இல் ஸ்காட்லாந்தின் லீத் நகரில் தாமஸ் லாட்டா காலரா நோயாளிகளின் சிரைக்குள் முதன்முதலாக உப்புநீர் ஏற்றினார். காலரா ரத்தத்தில் நீரும் உப்பும் குறைந்திருக்கிறது என்று அதற்குச் சற்று முன் அளந்து சொன்ன ஓ’ஷானெஸ்ஸி, பிற்பாடு இந்தியாவுக்கு வந்து தந்திக்கம்பி போட்ட அதே மனிதர். லாட்டாவின் முதல் நோயாளி ஒரு மூதாட்டி. நாடியே தெரியாமல் கிடந்தவர், திரவம் ஏறியதும் கண் திறந்து பேசினார். லாட்டா நிம்மதியாக ஓய்வெடுக்கப் போனார். பேதி மறுபடி தொடங்க, சில மணி நேரத்தில் அந்த அம்மா இறந்துபோனார். அங்கே தவறு திரவம் கொடுத்தது அல்ல. கசிவு நிற்காதபோது தொடராமல் விட்டது. இன்றும் கடுமையாக வற்றிய காலரா நோயாளிக்குக் கிலோவுக்கு 100 மில்லி ரிங்கர் லாக்டேட். அதில் 30 மில்லி முதல் அரை மணி நேரத்திலேயே. அங்கே தயங்குபவர்தான் குற்றவாளி. என்ன போனது என்று தெரிகிறது; எவ்வளவு போனது என்று ஏறக்குறையத் தெரிகிறது; போனதைத் திருப்பி வைக்கிறோம். குடிக்கத் தெம்புள்ளவருக்கு அதையும் வாய்வழியே செய்யலாம் என்பதை 1971-இல் வங்க அகதி முகாமில் திலீப் மஹலநாபிஸ் உப்பு-சர்க்கரைக் கரைசலைக் கொண்டே காட்டினார்.

ஆனால் கண்ணெதிரே ரத்தம் போகிறவருக்குக்கூட இந்த வாதம் அப்படியே பொருந்தாது என்பதுதான் வேடிக்கை. 1994-இல் வெளியான ஹூஸ்டன் ஆய்வில் மார்பிலோ வயிற்றிலோ குண்டோ கத்தியோ பாய்ந்த 598 பேரிடம் பார்த்தார்கள். வழியிலேயே திரவம் ஏற்றப்பட்டவர்களில் பிழைத்தவர்கள் 62 சதவீதம். அறுவை அரங்கு போகும்வரை பொறுத்திருந்தவர்களில் 70. ஓட்டையை அடைக்காமல் அழுத்தத்தை ஏற்றினால் உறைந்த இடம் பிய்த்துக்கொள்ளும். மிச்ச ரத்தமும் நீர்த்துப்போகும். ரத்தம் போனவருக்குத் தேவை ரத்தமும் சர்ஜனும்.

செந்தேள் கடித்த குழந்தையை நினைத்துப் பாருங்கள். வியர்த்துக் கொட்டுகிறது, கை கால் சில்லென்றிருக்கிறது, நாடி பறக்கிறது. பார்த்தால் அதிர்ச்சிதான். நீர் வற்றியதாக எண்ணித் தாரையாக ஓடவிட்டால், விஷத்தால் சுருங்கிக் கிடக்கும் ரத்தக்குழாய்களுக்கு எதிராகத் திணறும் இதயத்தின் தலையில் இன்னும் சுமை, நுரையீரல் நுரைத்துவிடும். மகாராஷ்டிரத்தின் மஹாட் என்ற சிறிய ஊரில் ஹிம்மத்ராவ் பவஸ்கர் அங்கே கொடுத்தது பாட்டில் அல்ல, சுருங்கிய குழாய்களை விரித்துவிடும் பிரசோசின் என்ற மாத்திரை. அந்த வேலைக்காக 2022-இல் பத்மஸ்ரீ வந்தது. அதே வேகமான நாடி, அதே குளிர்ந்த கை, ஆனால் பாட்டிலுக்கு நேர் எதிரான சிகிச்சை.

நமக்கு மிக அருகில் இருக்கும் பாடம் டெங்கு. ரத்தக்குழாய்ச் சுவர் வழியே பிளாஸ்மா கசியும் காலம் 24 முதல் 48 மணி நேரம். அந்த நேரத்தில் திரவம் குறைந்தால் அதிர்ச்சி. கூடினால், கசிவு நின்றபின் திசுக்களுக்குள் போனதெல்லாம் ரத்தத்துக்குத் திரும்பி வரும்போது மூச்சு முட்டும். இலங்கை இதை அடிபட்டுக் கற்றது. 2017-இல் மட்டும் அங்கே 1,86,000-க்கும் மேற்பட்டோருக்கு டெங்கு. அந்நாட்டு வழிகாட்டி கசிவுக் காலம் முழுமைக்கும் ஒரு பங்கீடு வைத்திருக்கிறது. 50 கிலோ எடையுள்ளவருக்கு 48 மணி நேரத்துக்கு 4,600 மில்லி. சிரை வழியே போவது மட்டுமல்ல, வாய்வழியே குடிக்கும் கஞ்சி, இளநீர், ஜீவனி என்ற உப்பு-சர்க்கரைக் கரைசல் எல்லாம் அதில் சேர்த்தி. நாடியோடு மேல்-கீழ் அழுத்த வித்தியாசம், ஹீமட்டோகிரிட், மணிக்கணக்கில் சிறுநீர் எல்லாவற்றையும் ஒரே தாளில் குறித்து, அதைப் பார்த்துத்தான் வேகத்தைக் கூட்டுகிறார்கள், குறைக்கிறார்கள். அழுத்தமே விழுந்த அதிர்ச்சி என்றால் போலஸும் உண்டு, யோசிக்காமல் கொடுப்பார்கள். தேறும் கட்டத்தில் நாடி மெதுவாக, சிலருக்கு 50 அளவில்கூட ஓடும். அதைக் கண்டும் கலங்குவதில்லை. எண்ணைப் பார்த்துப் பதறாமல் நோயின் போக்கைப் பார்த்துத் திரவம் கொடுக்கும் முறைக்கு அயல்நாட்டு இதழ்களைப் புரட்டவே வேண்டாம். பாக் நீரிணைக்கு அந்தப் பக்கம் எட்டிப் பார்த்தால் போதும்.

வெறும் அசதிக்குக் கிளினிக்கில் ஏற்றிக்கொள்ளும் குளுக்கோஸைப் பற்றி அதிகம் பேச ஒன்றுமில்லை. ஐந்து சத டெக்ஸ்ட்ரோஸ் 500 மில்லியில் இருப்பது 25 கிராம் சர்க்கரை. நூறு கலோரிகூடத் தேறாது. மூன்று இட்லி அதை மிஞ்சும். படுக்கையில் ஒரு மணி நேரம் கண்ணை மூடிக் கிடந்ததில் வந்த தெம்பைப் பாட்டிலின் கணக்கில் எழுதிக்கொள்கிறோம்.

அப்படியென்றால் இரவு வார்டில் என்ன செய்வது என்று இளம் மருத்துவர்கள் கேட்கலாம். சக்கரத்தைத் திறக்கும் முன் கட்டிலின் தலைப்பக்கத்தைச் சாய்த்து, இரண்டு கால்களையும் 45 டிகிரி தூக்கிப் பிடியுங்கள். கால் சிரைகளிலிருந்து ஏறக்குறைய 300 மில்லி ரத்தம் இதயத்துக்கு வரும். ஒரு நிமிடத்தில் இதயம் கூடுதலாகத் தள்ளுகிறதா என்று எக்கோவில் பாருங்கள். கருவி இல்லையென்றால் நாடியை விட்டுவிட்டு மேல்-கீழ் அழுத்த வித்தியாசம் விரிகிறதா என்றாவது பாருங்கள். பலன் இல்லையென்றால் காலை இறக்கிவிடலாம். பாட்டிலை அப்படித் திரும்ப எடுக்க முடியாது. விரல் நுனியை அழுத்தி விட்டுச் சிவப்பு திரும்ப எத்தனை விநாடி என்று எண்ணுங்கள். அதை வழிகாட்டியாக வைத்துச் சிகிச்சை செய்த பிரிவு, ரத்த லாக்டேட்டைப் பின்தொடர்ந்த பிரிவைவிட மோசமாகப் போகவில்லை என்று 2019-இல் தென் அமெரிக்க ஆய்வொன்று காட்டியது. அழுத்தம் விழுந்து கிடந்தால் நார்அட்ரினலினைக் கடைசிப் பாட்டில் தீரும்வரை தள்ளிப்போடாதீர்கள். கொடுத்தே ஆக வேண்டுமென்றால் 250 கொடுத்துவிட்டு, கட்டில் பக்கத்திலேயே நின்று பாருங்கள். மருந்துச் சீட்டில் மற்ற மருந்தை எழுதுவதுபோல அளவு, வேகம், நிறுத்தும் நேரம் மூன்றையும் எழுதுங்கள்.

துணைக்கு இருக்கும் உறவினர்களுக்கும் ஒரு வேலை இருக்கிறது. வேண்டும் என்று மருத்துவர் சொல்லும் டிரிப்ஸை மறுக்காதீர்கள். வேண்டாம் என்று சொல்லும் டிரிப்ஸைக் கேட்டு நச்சரிக்காதீர்கள். காய்ச்சல் வார்டில் இருக்கும்போது நோயாளி குடித்த ஒவ்வொரு டம்ளரையும், கழித்த சிறுநீரையும் நேரம் போட்டு ஒரு தாளில் எழுதி, டியூட்டி மாறும்போதெல்லாம் சிஸ்டரிடம் காட்டுங்கள்.